ஆப் இறங்காத போன்: குமுளி எல்லையில் ஒரு நிகழ்வு ஆய்வு

புரட்டாசி கடைசி வாரம். குமுளியில் விடியற்காலையிலிருந்தே சாரல் நிற்கவில்லை. எல்லைக்குக் கேரளப் பக்கம், சோதனைச் சாவடியிலிருந்து சில நிமிட நடையில் இருக்கிறது என் கடை. ரீசார்ஜ் செய்வது, உடைந்த டிஸ்ப்ளேயை மாற்றுவது, சார்ஜர் விற்பது என்று நாள் ஓடும். பத்தரை மணிக்கு ஒரு ஜீப் ஓட்டுநர் நனைந்த துண்டைப் பிழிந்துகொண்டே உள்ளே வந்தார். கம்பம் பள்ளத்தாக்கிலிருந்து ஏலத்தோட்டங்களுக்குக் காய் எடுக்கும் பெண்களை ஏற்றிவரும் ஆள் வண்டி அவருடையது. காலையில் தோட்டத்தில் இறக்கிவிட்டால் மாலையில் திரும்ப ஏற்றும் வரை அவருக்கு மேலே வேறு வேலை கிடையாது.

"தம்பி, இதில் எதுவும் இறங்க மாட்டேன் என்கிறது. மூன்று மாதமாக இதே பாடு" என்று போனை மேசைமேல் வைத்தார்.

அவர் இறக்க நினைத்தது டிஜிலாக்கர், அரசு ஆவணங்களைப் போனில் வைத்துக்கொள்ளும் ஆப். காரணம் மழை. ஜீப்பின் முன்பெட்டியில் வைத்திருந்த ஆர்.சி. புத்தகமும் காப்பீட்டுத் தாளும் ஒழுகிய நீரில் ஊறிப் பாதி எழுத்து அழிந்துவிட்டன. சாவடியில் கேட்டபோது செல்போனில் எடுத்து வைத்திருந்த புகைப்படத்தைக் காட்டினார். அது செல்லாது என்று சொல்லிவிட்டார்கள். சொன்னது சரிதான். புகைப்படத்துக்கும் நகலுக்கும் அந்த மதிப்பு கிடையாது. ஆனால் டிஜிலாக்கரிலோ, வண்டி ஆவணங்களுக்கான எம்பரிவாகன் ஆப்பிலோ அரசுத் தரவிலிருந்து நேரடியாக வரும் ஆவணத்தை அசலுக்கு இணையாக ஏற்க வேண்டும் என்று மத்திய போக்குவரத்து அமைச்சகம் 2018இலேயே மாநிலங்களுக்கு அறிவுறுத்தியிருக்கிறது. சாவடியில் இருந்தவரே அவரிடம் அதைச் சொல்லி அனுப்பியிருக்கிறார்.

ஆக, சட்டம் வழிவிட்டது, போன் விடவில்லை.

இந்தப் புகாரோடு என் கடைக்கு மாதத்துக்குப் பத்துப் பேராவது வருகிறார்கள். பெரும்பாலும் ஐந்து நிமிட வேலை. இவருடைய போன் என்னை மதியம் வரை உட்கார வைத்தது. அதில் நானே ஒரு தவறும் செய்தேன். அதனால்தான் இதை எழுதுகிறேன்.

ஏற்கெனவே கை வைத்தவர்கள்

போனைத் திறப்பதற்கு முன் யார் யார் என்ன செய்தார்கள் என்று கேட்பது என் வழக்கம். மருத்துவர் முந்தைய மருந்துச் சீட்டைக் கேட்பது போலத்தான். அவர் சொன்னதிலிருந்து நான்கு பேர் தேறினார்கள்.

முதலில் அவருடைய அக்கா மகன், மருமகன் என்று அவர் சொல்பவர், கம்பத்தில் இருக்கிறார். ஒரு நாள் ஜீப்பிலேயே மேலே வந்து ஏதோ ஒரு சுவிட்சைப் போட்டுப் பார்த்திருக்கிறார். மாற்றம் இல்லை. போட்டதைத் திரும்ப அணைத்துவிட்டார். இரண்டாவது, உடன் ஓட்டும் இன்னொரு ஓட்டுநர். பிளே ஸ்டோர் தற்காலிகமாகச் சேர்த்து வைக்கும் கேஷை அழித்திருக்கிறார். அதனால் நன்மையும் இல்லை, தீமையும் இல்லை. மூன்றாவது, கீழே ஊரில் ஒரு பையன். "பழைய ஆப்பெல்லாம் புதுப்பிக்காமல் கிடக்கிறது, அதனால்தான்" என்று சொல்லி எல்லாவற்றையும் புதுப்பிக்கும் பொத்தானை அழுத்திவிட்டுப் போயிருக்கிறான். நான்காவது ஆள் சொன்னதுதான் எனக்கு வயிற்றைக் கலக்கியது: "ரீசெட் அடித்துவிடுங்கள், புதுப்போன் மாதிரி ஆகிவிடும்."

ஓட்டுநர் ரீசெட் அடிக்கவில்லை. நல்லவேளை. அடித்திருந்தால் இரண்டு இழப்பு நேர்ந்திருக்கும். தினமும் எத்தனை ஆள் வந்தார்கள், யார் எந்தத் தோட்டம் என்று நோட்டில் எழுதி, அந்தப் பக்கத்தைப் படம் எடுத்து வைப்பது அவர் பழக்கம். வாரக் கூலிக் கணக்கில் சண்டை வந்தால் அந்தப் படம்தான் சாட்சி. அது போனைத் தவிர வேறெங்கும் இல்லை. இரண்டாவது, போனில் இருந்த கூகுள் கணக்கை உருவாக்கியது அவர் அல்ல. வாங்கிய கடையில் யாரோ அவசரமாக ஒரு ஐடி போட்டுக் கொடுத்திருக்கிறார்கள். கடவுச்சொல் அவருக்குத் தெரியாது. ஆண்ட்ராய்டு 5.1 வந்த 2015 முதல், ரீசெட் செய்த போன் முன்பிருந்த கணக்கைக் கேட்கும். திருடனைத் தடுக்க வைத்த பூட்டு அது. ஐடி தெரியாத உரிமையாளரையும் அதே பூட்டு வெளியே நிறுத்திவிடும்.

இதே காரணத்தால் "கணக்கை நீக்கிவிட்டு மறுபடி சேருங்கள்" என்ற யோசனையையும் நான் எளிதில் யாருக்கும் சொல்வதில்லை. யூடியூபில் பாதி வீடியோக்கள் அதைத்தான் முதல் வைத்தியமாகச் சொல்கின்றன. எங்கள் மலையில் பாதிப் பேருக்குத் தங்கள் ஐடியே தெரியாது.

கேட்டதில் கழிந்தவை

ஆண்ட்ராய்டு பதிப்பு பார்த்தேன். பதினொன்று. அது போதும். போன வருடம் ஒரு பாட்டி 2013ஆம் ஆண்டின் கிட்கேட் பதிப்போடு ஒரு போனைக் கொண்டுவந்தார். அதற்குக் கூகுள் பிளே சேவைகளின் புதுப்பிப்பே 2023இல் நின்றுவிட்டது. அந்தப் போனை வைத்துக்கொண்டு எவ்வளவு முட்டினாலும் பலன் இல்லை. அழைப்புக்கு மட்டும் வைத்துக்கொள்ளுங்கள் என்று சொல்லி அனுப்பினேன்.

அடுத்தது கடிகாரம். தேதி பல மாதம் தள்ளிப் போயிருந்தால் போனுக்கும் சர்வருக்கும் இடையே நடக்கும் பாதுகாப்புச் சான்றிதழ் சோதனை தோற்றுப்போகும். ஒவ்வொரு சான்றிதழுக்கும் தொடக்க நாளும் முடிவு நாளும் உண்டு. போன் தன் கடிகாரத்தை வைத்துத்தான் அதைச் சரிபார்க்கிறது. பிள்ளைகள் விளையாட்டில் கூடுதல் உயிர் வாங்கத் தேதியை முன்னே தள்ளிவிட்டு மறந்துபோவது உண்டு. ஆனால் தேதி அவ்வளவு தவறினால் வாட்ஸ்அப்பே தேதி சரியில்லை என்று நின்றுவிடும்.

"வாட்ஸ்அப் ஓடுகிறதா அண்ணே?"

"வீட்டில் நன்றாக ஓடும். மேலே வந்தால் நெட் கிடையாது. மலை அல்லவா? எப்போதும் அப்படித்தான்."

கடிகாரம் கழிந்தது. ஆனால் அவர் போகிற போக்கில் சொன்ன இரண்டாவது வாக்கியத்தை நான் அப்போது சரியாகக் காதில் வாங்கவில்லை. குமுளியில் நெட் நன்றாகவே கிடைக்கும். தேக்கடிக்கு வருகிற வெளியூர்க்காரர்கள் இங்கே நின்று வீடியோ அழைப்பு பேசுகிறார்கள். மூன்று மாதமாக அல்ல, பல வருடமாக அவர் மலைப்பாதையில் இரைச்சல் பாலத்தைத் தாண்டியதும் நெட் போய்விடும் என்பதை மலையின் இயல்பு என்று ஏற்றுக்கொண்டிருந்தார். மழை வருவது போல, மூடுபனி இறங்குவது போல.

இன்னொரு கேள்வியும் கேட்டேன். "கடைசியாக எப்போது, எங்கே இருக்கும்போது ஒரு ஆப் இறங்கியது?"

யோசித்தார். "ஆனி மாதம். அப்போது மருமகன் வீட்டு மாடியில்தான் குடியிருந்தேன். அதன்பிறகு வீடு மாறிவிட்டோம்."

வீடு மாறியதும் ஆப் இறங்குவது நின்றதும் ஒரே மாதம். இதையும் குறித்துக்கொண்டேனே தவிர அதன்மேல் நடக்கவில்லை. கையில் எளிய வழி ஒன்று இருந்ததால் அவசரப்பட்டேன்.

என் தவறு

கடை வைஃபையில் போனை இணைத்தேன். டிஜிலாக்கரைத் தேடி நிறுவும் பொத்தானை அழுத்தினேன். திரையில் "நிலுவையில்" என்று வந்து அப்படியே நின்றது. அறிவிப்புப் பட்டியை இறக்கிப் பார்த்தால் வேறு ஆப்கள் வரிசையாக இறங்கிக்கொண்டிருந்தன. அந்தப் பையன் அழுத்திவிட்டுப் போன பொத்தானின் வேலை அது. முப்பத்தெட்டு புதுப்பிப்புகள் பல நாளாக வைஃபைக்காகக் காத்துக் கிடந்திருக்கின்றன. என் கடை வைஃபை கிடைத்ததும் அணை மதகைத் திறந்தது போலப் பாய்ந்துவிட்டன. பிளே ஸ்டோர் ஒரே நேரத்தில் எல்லாவற்றையும் இறக்காது. ஒரு சிலவற்றை இறக்கும், மற்றவை வரிசையில் நிற்கும். டிஜிலாக்கர் கடைசி ஆள்.

சரி, வரிசை நகரட்டும் என்று விட்டுவிட்டு ஒரு டிஸ்ப்ளே வேலையை எடுத்தேன். இருபது நிமிடம் கழித்துப் பார்த்தால் இடம் போதவில்லை என்ற எச்சரிக்கை. உள்ளே வந்தபோது சுமார் ஒரு ஜிபி காலியாக இருந்த போன் அது. இப்போது இருநூறு எம்பிக்கும் கீழே.

ஒரு ஆப்புக்குத் திரையில் காட்டுகிற அளவு மட்டும் காலியாக இருந்தால் போதாது. இறங்கும் கோப்பு ஓர் இடத்தில் தங்கும். அதிலிருந்து நிறுவப்படும் ஆப்புக்கு இன்னோர் இடம் வேண்டும். புதுப்பிப்பு என்றால் புதியது முழுதாக உட்காரும் வரை பழையதும் இருக்கும். அதனால் ஒரு ஜிபிக்குக் கீழே போய்விட்ட போனில் சிறிய ஆப்பும் முரண்டு பிடிக்கும்.

வரிசை முழுவதையும் ரத்து செய்தேன். பிறகு அவரை அருகில் உட்கார வைத்து வாட்ஸ்அப்பின் சேமிப்பு நிர்வாகப் பக்கத்தைத் திறந்தேன். பலமுறை பகிரப்பட்டவை என்று ஒரு தொகுதி, ஐந்து எம்பிக்கு மேற்பட்டவை என்று ஒரு தொகுதி, அந்தப் பக்கமே பிரித்துக் காட்டும். காலை வணக்கப் பூக்கள், வேல் சுழலும் முருகர், பள்ளத்தில் விழும் லாரி, அரசியல் பேச்சு, பிறகு மறுபடியும் அதே லாரி. ஒன்பது ஜிபி. அவரிடம் ஒவ்வொரு தொகுதியாகக் காட்டிக் கேட்டுத்தான் அழித்தேன். கேமரா படங்கள் இருந்த பக்கம் போகவே இல்லை. அங்கேதான் ஆள் கணக்கு இருந்தது.

இப்போது டிஜிலாக்கரை அழுத்தினேன். ஒரு நிமிடத்துக்குள் இறங்கி உட்கார்ந்துவிட்டது.

அவர் சட்டைப்பையில் கைவிட்டுப் பணம் எடுத்தார். எனக்கும் அத்தோடு முடிந்தது என்றுதான் தோன்றியது. ஆனால் மூன்று மாதத்துக்கு முன் இடம் நிரம்பியதாக அவர் எங்கும் சொல்லவில்லை. இடம் தீர்ந்தது என் கடையில், என் வைஃபையில், என் கண் முன்னால். அப்படியானால் வீட்டில் அவரைத் தடுத்தது எது? வைஃபையை முதலில் இணைத்ததன் மூலம் அவர் கொண்டுவந்த நோயை நான் மூடி மறைத்துவிட்டு, புதிதாக ஒன்றை வரவழைத்து, அதைக் குணப்படுத்தியிருக்கிறேன். இப்படியே அனுப்பியிருந்தால் அடுத்த ஆப்புக்கு அவர் மறுபடியும் என் வாசலில்தான் நின்றிருப்பார்.

"கொஞ்சம் இருங்கள் அண்ணே. இன்னும் சரியாகவில்லை" என்றேன். அவருக்குப் புரியவில்லை. இறங்கிவிட்டதே!

சாவடி வரை ஒரு நடை

வைஃபையை அணைத்தேன். மொபைல் டேட்டாவில் எம்பரிவாகனைத் தேடினேன். இணைப்பே இல்லை என்றது. சிக்னல் கோடு நான்கு நின்றது. அதன் அருகே கண்ணுக்குத் தெரிந்தும் தெரியாமலும் ஆங்கிலத்தில் ஆர் என்று ஒற்றை எழுத்து. ரோமிங்.

அவருடைய சிம் தமிழ்நாட்டு வட்டத்தைச் சேர்ந்தது. நாட்டின் தொலைத்தொடர்பு உரிமங்கள் 22 வட்டங்களாகப் பிரிக்கப்பட்டுள்ளன. ஒரே நிறுவனமாக இருந்தாலும் ஒவ்வொரு வட்டத்துக்கும் தனி அடையாள எண். போன் தன் சிம்மின் எண்ணையும் கோபுரத்தின் எண்ணையும் ஒப்பிட்டு, இரண்டும் வேறு என்றால் வெளியூர் வந்துவிட்டோம் என்று முடிவு செய்கிறது. அழைப்பு தடையின்றி வரும். டேட்டாவுக்கு மட்டும், ரோமிங் டேட்டா என்ற சுவிட்ச் அணைந்திருந்தால், பல போன்கள் கதவைத் திறக்காது. கோயம்புத்தூரிலோ மதுரையிலோ இருப்பவருக்கு வருடத்தில் நான்கு நாள் வரும் தொல்லை இது. தினமும் எல்லை தாண்டும் ஆள் வண்டிக்காரருக்கு இது பாதி வாழ்க்கை.

சந்தேகத்தை உறுதி செய்ய ரோமிங்கைத் தொடாமலே ஒரு சோதனை செய்யலாம் என்று தோன்றியது. பக்கத்து டீக்கடைச் சேட்டனிடம் கடையைப் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டு, அவரையும் போனையும் குடைக்குள் வைத்துக்கொண்டு கிளம்பினேன். சாவடியைத் தாண்டி, தமிழ்நாட்டுப் பஸ்கள் நிற்கும் பக்கம் போனோம். ஆர் அப்படியே இருந்தது. ரோமிங்கில் இருக்கும் போன் தன் சொந்த வட்டத்தை நொடிக்கு நொடி தேடாது, இடைவெளி விட்டுத்தான் தேடும். ஏரோப்ளேன் மோடைப் போட்டு எடுத்தேன். கோடுகள் மறைந்து, ஒவ்வொன்றாக வந்தன. ஆர் இல்லை. அதே நொடியில் வாட்ஸ்அப் செய்திகள் டிங் டிங் என்று கொட்டத் தொடங்கின.

"இங்கே கிடைக்கிறதே!" என்று அவர் சாவடியைத் திரும்பிப் பார்த்தார். மலை அதே மலை. அங்கிருந்து இருநூறு முந்நூறு அடிதான் நடந்திருப்போம்.

அங்கே நின்றபடியே எம்பரிவாகனை அழுத்தினேன். இறங்கவில்லை. ஆனால் வாசகம் மாறியிருந்தது. இப்போது இணைப்பு இல்லை என்று சொல்லவில்லை. வைஃபைக்காகக் காத்திருக்கிறேன் என்றது. போன் முழுக்க ஆங்கிலத்தில் இருந்ததால் இந்த இரண்டு வாசகங்களுக்கும் உள்ள வேறுபாடு மூன்று மாதமாக அவர் கண்ணில் படவில்லை. உதவி செய்ய வந்தவர்களும் சுழலும் வட்டத்தைப் பார்த்தார்களே ஒழிய அதன் கீழே இருந்த வரியைப் படிக்கவில்லை.

பிளே ஸ்டோரில் வலது மேல் மூலையில் உள்ள படத்தைத் தொட்டு, அமைப்புகள், நெட்வொர்க் விருப்பங்கள் என்று போனால் ஆப் பதிவிறக்க விருப்பத்தேர்வு இருக்கிறது. அதில் வைஃபையில் மட்டும் என்று இருந்தது. மருமகன் வீட்டு மாடியில் வைஃபை உண்டு. குடியிருந்த காலத்தில் தினசரி டேட்டாவைப் புதுப்பிப்புகள் தின்றுவிடுகின்றன என்று யாரோ அப்படி வைத்திருக்கிறார்கள். அங்கே இருந்தவரை அது நல்ல ஏற்பாடு. வீடு மாறிய அன்றே அது பூட்டாகிவிட்டது. புது வீட்டில் வைஃபை கிடையாது.

பஸ் நிலையக் கூரையின் கீழ் நின்று மருமகனுக்கு அழைத்தோம். எந்த சுவிட்சைப் போட்டுப் பார்த்தாய் என்று கேட்டேன். "ரோமிங்தான் அண்ணே. போட்டதும் நெட் வந்தது. ஆனாலும் ஆப் இறங்கவில்லை. அதுவல்ல காரணம் என்று நினைத்தேன். மாமாவும் காசு பிடிப்பான், அணைத்துவிடு என்றார்" என்றார்.

அந்த இளைஞர் சரியான சாவியைத்தான் போட்டிருக்கிறார். கதவில் இரண்டாவது பூட்டு இருந்ததால் கதவு அசையவில்லை. சாவி தவறு என்று எடுத்துவிட்டார். மேலே இரண்டு தடை, கீழே ஒரு தடை, என் கடையில் மூன்றாவதாக ஒரு தடை. எங்கே நின்று பார்த்தாலும் திரையில் சுழலும் வட்டம் ஒன்றுதான். அதனால் எல்லோரும் ஒரே நோயைத் தேடினார்கள். அவரவர் நின்ற இடத்திலிருந்து பார்த்தால் யார் சொன்னதும் முற்றிலும் பொய்யில்லை என்பதுதான் வேடிக்கை.

அன்றிலிருந்து ஒரு பழக்கத்தை உறுதியாக்கிக்கொண்டேன். ஒரு மாற்றம் செய்து பலன் தெரியாவிட்டால் அதை உடனே பழையபடி ஆக்குவதற்கு முன், திரையில் வரும் வாசகம் மாறியதா என்று பார்க்கிறேன். வாசகம் மாறியிருந்தால் ஏதோ ஒரு பூட்டு திறந்திருக்கிறது என்று பொருள். அந்த மாற்றத்தை விட்டுவைக்கிறேன்.

ரோமிங் என்ற சொல்லின் பயம்

மாமா "காசு பிடிப்பான்" என்று சொன்னதில் ஒரு வரலாறு இருக்கிறது. வேறு வட்டத்துக்குப் போனால் வரும் அழைப்புக்கும் காசு பிடித்த காலம் இருந்தது. எல்லை ஊர்க்காரர்களுக்கு அது தனிக் கொடுமை. கம்பத்துக்குப் பக்கத்துக் கூடலூரில் நின்று பேசினால் ஒரு கணக்கு, மேலே ஏறியதும் வேறு கணக்கு. குமுளிக்காரர்கள் இரண்டு மாநில சிம்மும் வைத்திருந்து, சாவடியருகே ஒன்றைக் கழற்றி மற்றொன்றைப் போடுவார்கள். சிம்மைக் கழற்றக் குண்டூசியைச் சட்டைக் காலரில் குத்தி வைத்திருந்தவர்களை எனக்குத் தெரியும். 2015இல் தொலைத்தொடர்பு ஒழுங்குமுறை ஆணையமான டிராய் ரோமிங் கட்டணத்தின் உச்சவரம்பைக் குறைத்தது. அதன்பின் போட்டி முற்றி, நிறுவனங்கள் உள்நாட்டு ரோமிங்கைத் தங்கள் திட்டங்களுக்குள்ளேயே சேர்த்துவிட்டன. இவருடைய திட்டத்திலும் தினம் ஒன்றரை ஜிபி, நாடு முழுவதும் ஒரே கணக்கு.

அதை நான் சொன்னபோது தலையாட்டினார். நம்பவில்லை என்பது முகத்தில் தெரிந்தது. நிறுவனத்தின் ஆப்பில் அவருடைய திட்டத்தைத் திறந்து அந்த வரியைக் காட்டினேன். "எழுத்தில் இருந்தால் சரி" என்றார். அப்போதும் முழு மனது இல்லை. வெளிநாட்டு ரோமிங் வேறு, அதற்குக் காசு உண்டு என்பதையும் சொன்னேன். சொல்லாமல் இருந்திருக்கலாமோ என்று பிறகு தோன்றியது.

டவுன்லோட் பெட்டியில் கிடந்தது

கடைக்குத் திரும்பியதும் இடத்தை இன்னும் கொஞ்சம் ஒதுக்கலாம் என்று டவுன்லோட் பெட்டியைத் திறந்தேன். அங்கே ஒரு கோப்பு. பெயரில் வாகன அபராதச் சலான் என்று பொருள்படும் ஆங்கிலச் சொல். முடிவில் ஏபிகே, அதாவது பிளே ஸ்டோருக்கு வெளியே ஆப்பை நேரடியாக நிறுவும் கோப்பு. வாட்ஸ்அப் வழியாகத் தெரியாத எண்ணிலிருந்து வந்தது.

"இது என்ன அண்ணே?"

"ஏதோ ஃபைன் என்று வந்தது. தொட்டுப் பார்த்தேன். அனுமதி கொடு என்று என்னென்னவோ கேட்டது. பிளே ஸ்டோர்தான் வேலை செய்யவில்லையே, இதாவது இறங்குமா என்று பார்த்தேன். ஆங்கிலம் புரியவில்லை, விட்டுவிட்டேன்."

எனக்குக் கை சில்லிட்டது. போக்குவரத்து அபராதம் என்ற பெயரில் ஏபிகே அனுப்பி, நிறுவியவுடன் குறுஞ்செய்திகளைப் படிக்கும் அனுமதியை வாங்கி, வங்கியின் ஓடிபியை எடுத்துப் பணத்தைச் சுருட்டும் மோசடி நாடெங்கும் நடக்கிறது. உண்மையான அபராத அறிவிப்பு இணைப்பாக ஏபிகே கோப்பை அனுப்பாது. இவரைக் காப்பாற்றியது ஆங்கிலம் தெரியாமை. போன் தமிழில் இருந்திருந்தால் அனுமதி கொடுத்திருப்பாரோ என்ற எண்ணம் இன்றும் எனக்கு உண்டு. ஆனாலும் அவர் கேட்டபடி போனின் மொழியைத் தமிழுக்கு மாற்றினேன். (அடுத்த வாரமே மருமகன் அழைத்து, எதையும் கண்டுபிடிக்க முடியவில்லை அண்ணே, எல்லாம் தமிழில் இருக்கிறது என்று அலுத்துக்கொண்டார்.)

கோப்பை அழித்தேன். தெரியாத ஆப்களை நிறுவும் அனுமதி வாட்ஸ்அப்புக்கு இருக்கிறதா என்று அமைப்புகளில் பார்த்தேன். இல்லை. தீங்கான ஆப்களைத் தேடும் பிளே புரொடெக்ட் சோதனையை ஓட்டினேன். சுத்தம். பணம் போயிருந்தால் முதல் வேலையாக 1930 என்ற சைபர் குற்ற உதவி எண்ணை அழைக்க வேண்டும் என்று சொல்லி, அந்த எண்ணை அவர் போனில் சேமித்தும் வைத்தேன்.

ஆப் இறங்கவில்லை என்பது சின்னக் குறை என்று நானும் நினைத்திருந்தேன். முன்வாசல் மூன்று மாதம் அடைத்திருந்தால் ஆள் கொல்லைப்புறம் போய்ப் பார்க்கத்தான் செய்வார்.

விட்டுச் சென்ற நிலை

ரோமிங் டேட்டாவைப் போட்டேன். பிளே ஸ்டோரில் பதிவிறக்க விருப்பத்தை எந்த நெட்வொர்க்கிலும் என்று மாற்றினேன். அதே பக்கத்தில் ஆப்களைத் தானாகப் புதுப்பித்தல் என்று தனியாக இன்னொரு விருப்பம் இருக்கிறது. அதை வைஃபையில் மட்டும் என்றே விட்டேன். இந்த இரண்டையும் பலர் ஒன்றென நினைத்துக் குழப்பிக்கொள்கிறார்கள். முதலாவது நீங்கள் கேட்டு இறக்குவதற்கு. இரண்டாவது போன் தானாக இறக்குவதற்கு. அன்றாட டேட்டாவைக் காக்க இரண்டாவதைக் கட்டினால் போதும். முதலாவதைக் கட்டியதுதான் இவருக்கு வந்த வினை. வாட்ஸ்அப்பையும் வங்கி ஆப்பையும் மட்டும் மாதம் ஒருமுறை கையால் புதுப்பிக்கச் சொன்னேன்.

கூகுள் கணக்கு வேலை அரை மணி நேரம் பிடித்தது. ஐடி அமைப்புகளிலேயே தெரிந்தது. கடவுச்சொல் மறந்துவிட்டது என்று போய், அந்தப் போனிலேயே வந்த உறுதிப்படுத்தலை ஏற்று, புதிய கடவுச்சொல் வைத்து, அவர் எண்ணை மீட்பு எண்ணாகச் சேர்த்தோம். அதை ஆள் கணக்கு நோட்டின் பின் அட்டையில் எழுதப் போனார். தடுத்து, வீட்டில் வைக்கும் வேறு தாளில் எழுத வைத்தேன்.

டிஜிலாக்கரில் ஆதாரோடு இணைந்த எண்ணுக்கு ஓடிபி வந்தது. வண்டி எண்ணும் சேசிஸ் எண்ணும் கொடுத்து ஆர்.சி.யை எடுத்தோம். சேசிஸ் எண்ணுக்காக மழையில் ஜீப்பின் அடியில் டார்ச் அடித்துப் படிக்க வேண்டியிருந்தது, ஊறிய ஆர்.சி.யில் அந்த எழுத்துகள்தான் முழுதாக அழிந்திருந்தன.

கடைசியாக வைஃபை இல்லாமல், கேரளக் கோபுரத்தில், ஆர் எழுத்து நின்ற நிலையிலேயே எம்பரிவாகனை இறக்கிப் பார்த்தேன். இறங்கியது. மறுநாள் காலை கம்பத்தில் வீட்டிலிருந்து ஒரு சிறு ஆப்பை இறக்கிவிட்டு எனக்கு அழைக்கும்படி சொன்னேன். ஆறு மணிக்கே அழைத்தார். பின்னால் பெண்கள் ஏறும் சத்தம் கேட்டது. இறங்கிவிட்டது என்றார்.

அந்த வாரத்திலேயே ஆள் வண்டி ஓட்டுநர்கள் மூன்று பேர் அவர் சொல்லி வந்தார்கள். இரண்டு பேருக்கு ரோமிங் மட்டும்தான். மூன்றாமவரின் போனில் ரோமிங்கும் சரி, விருப்பமும் சரி. டேட்டா சேமிப்பான் போட்டிருந்ததில் பிளே ஸ்டோரின் பின்னணி டேட்டா தடைபட்டிருந்தது.

முதலில் வந்த ஓட்டுநர் பத்து நாள் கழித்து டெம்பர் கிளாஸ் ஒட்ட வந்தார். ஆள் கணக்கு நோட்டை மேசைமேல் வைத்திருந்தார். பக்கத்தின் ஓரத்தில், பெயர்களுக்கும் தோட்டங்களுக்கும் வெளியே, ஒவ்வொரு நாளும் பென்சிலில் ஒரு எண் எழுதியிருந்தது. என்ன என்று கேட்டேன். போனில் மீதமிருக்கும் காசு. ரோமிங் போட்ட நாளிலிருந்து தினமும் மாலையில் பார்த்து எழுதி வருகிறாராம். பத்து நாளும் ஒரே எண்.

"இன்னும் ஒரு வாரம் பார்க்கிறேன் தம்பி" என்றார்.